சத்து மாத்திரைப் புட்டி

அன்புப் பெரியவனுக்கு,

அம்மா எழுதுவது. நீயும் மருமகளும் குட்டியும் சளி, காய்ச்சல் எதுவும் இல்லாமல் இருக்கிறீர்கள்தானே? இங்கே எல்லாரும் சுகம் என்று எழுதித்தான் எப்போதும் தொடங்குவேன், இந்த முறை அந்த வரியை எழுதப் பேனா நகரவில்லை, ஏன் என்று பின்னால் சொல்கிறேன். போன் இருக்கும்போது எதற்குக் கடிதம் என்று கேட்பாய். போனில் நீ பேச்சை மாற்றிவிடுகிறாய், உன் தங்கை பக்கத்திலேயே நின்று என் வாயையே பார்க்கிறாள். கடிதத்தில் நடுவே புகுந்து "சரிம்மா, சாப்டியா"ன்னு யாரும் கேட்க முடியாது பார். தண்ணீர்க் குழாயைச் சரிசெய்தாகிவிட்டது, மாடியில் குடியிருந்தவர்கள் காலி செய்துவிட்டார்கள், குட்டிக்குப் பின்னிய ஸ்வெட்டரில் ஒரு கை நீளமாகப் போய்விட்டது, பிரித்துப் பின்ன வேண்டும். செய்தி அவ்வளவுதான், மற்றதெல்லாம் வயிற்றெரிச்சல்.

உன் பெரிய மாமா போன பிறகு நாம் இரண்டு பேரும் மனம்விட்டுப் பேசவே இல்லை. நீ பார்த்தது போனில் காட்டியதை மட்டும்தான். தொண்டையில் குழாயோடு கிடந்த மனிதனின் முகத்துக்கு நேரே போனைப் பிடித்துக்கொண்டு, "மாமா, யார் பேசறாங்க பாருங்க, கண்ணத் திறங்க"ன்னு கத்தினார்களே, அந்தப் பக்கம் நீ அழுதாய், இந்தப் பக்கம் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்ற நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அதற்கு முன்னால் நடந்த கூத்து உனக்குத் தெரியாது. ஆஸ்பத்திரி வாசலில் புற்றுநோய் என்று பெரிதாகப் போர்டு இருக்கிறது என்பதற்காக, அவரைத் துணி துவைக்கிற இடத்தின் வழியாக, அழுக்குப் போர்வை மூட்டைகளுக்கு நடுவே உள்ளே கொண்டுபோனார்கள். கேட்டால் அல்சர், கேஸ் ட்ரபிள். பார்க்க வருகிறவர்களை அத்தை வார்டு வாசலிலேயே மடக்கி, "மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிட்டுப் போகாதீங்க, சிரிச்சுக்கிட்டே போங்க"ன்னு பாடம் நடத்தினாள். ஒவ்வொருத்தரும் உள்ளே போய் ஈ என்று இளித்துக்கொண்டு, அடுத்த மாதம் நீங்களே வண்டி ஓட்டுவீங்க என்று சொல்லிவிட்டு, வெளியே வந்து மூக்கைச் சிந்திக்கொண்டு கேண்டீனுக்குப் போய், எந்த ஆஸ்பத்திரியில் ஏசி நன்றாக இருக்கிறது என்று விவாதம் செய்தார்கள். சீ, என்ன ஜென்மங்கள்!

மாமா என்ன முட்டாளா? வாழ்நாள் முழுக்க லேத் பட்டறையில் நின்று, இரும்பு எழுப்புகிற சத்தத்தை வைத்தே எங்கே பிசகு என்று சொன்ன மனிதர். அவருக்குத் தன் உடம்பில் ஓடுவது தெரியாதா? பட்டறை விஷயமாகச் சண்டை போட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டு இருந்த மகன் அப்போது பக்கத்திலேயே நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தான். அவனிடம் சொல்ல அவருக்கு ஏதோ இருந்தது. "எனக்கப்புறம்"னு அவர் ஆரம்பித்தாலே போதும், சுற்றி நிற்கிற அத்தனை பேரும் "வாயக் கழுவுங்க, நல்ல பேச்சே வராதா"ன்னு பாய்ந்து அமுக்கிவிடுவார்கள். ஒருநாள் அறையில் யாரும் இல்லாத நேரம் பார்த்து என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ மருந்துக்கடைக்காரி, நீயாவது சொல்லு"ன்னார். ஆமாண்ணா, அதுதான் என்றேன். அவர் பயப்படவில்லைடா. "அப்பாடா"ன்னு ஒரு பெருமூச்சு விட்டார், "மகனக் கூப்பிடு"ன்னார். நான் கதவைத் திறந்தால் அத்தை நிற்கிறாள், முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடிக்கிறது. என்னை அன்றோடு வார்டுக்குள் விடவில்லை. மகனையும் விடவில்லை, அப்பா தூங்கட்டும் என்று. மறுநாள் மூச்சு இரைத்தது, ஐசியு கண்ணாடி அறைக்குக் கொண்டுபோய்க் குழாயைச் சொருகினார்கள், அத்தோடு பேச்சு முடிந்தது. அவர் என்ன சொல்ல நினைத்தார் என்று அந்தப் பையன் இன்றைக்கும் என்னிடம் வந்து கேட்கிறான். நான் என்னத்தைச் சொல்வேன். நான் உண்மையைச் சொன்னதால்தான் அவர் மனசு உடைந்து போய்ச் சேர்ந்தார் என்று உறவு முழுக்கப் பேச்சு. அதே வாயால் அத்தை இன்னொன்றும் சொன்னாள், ஏதோ மெடல் வாங்கின மாதிரி, "கடைசி வரைக்கும் அவருக்குத் தெரியாமப் பாத்துக்கிட்டோம்"னு. அந்தப் பெருமையைப் பார்த்தபோது எனக்குக் காறித் துப்பலாம் போல இருந்தது.

அந்தக் காலம் மட்டும் பொன்னாக இருந்ததா என்றால் அதுவும் இல்லை. என் சின்னம்மாவுக்கு டிபி வந்தபோது டாக்டர் பையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வருவார், கட்டிலில் உட்கார்ந்து, இன்னும் கொஞ்ச நாள்தானம்மா என்று அவள் முகத்தைப் பார்த்தே சொன்னார். ஆனால் வீட்டார் அவள் தட்டைக் கம்பால் தள்ளினார்கள், கேட்டவர்களிடம் வெறும் இருமல் என்றார்கள். பிறகு மாத்திரை வந்தது, டிபியை டிபி என்றே சொல்லும் தைரியமும் வந்தது. பெயர் சொல்லக் கூடாத நாற்காலியிலிருந்து ஒரு நோய் எழுந்தால் இன்னொன்று வந்து உட்கார்ந்துகொள்கிறது, அவ்வளவுதான். முன்னே ஊருக்கு மறைத்தோம், நோயாளிக்குச் சொன்னோம். இப்போது ஊருக்கெல்லாம் வாட்ஸப்பில் போகிறது, படுத்திருக்கிற ஆளுக்கு மட்டும் தெரியக் கூடாது. டாக்டர்கள் படிப்பில் எவ்வளவோ மேலே போய்விட்டார்கள், முகத்தைப் பார்த்துச் சொல்கிற தைரியத்தை எங்கேயோ வழியில் போட்டுவிட்டார்கள்.

எங்கள் மருந்துக்கடையில் இதற்கென்றே ஒரு வேலை உண்டு, உனக்குச் சொன்னதில்லை. "பேர் தெரியாமக் குடுங்க"ன்னு வந்து நிற்பார்கள். அட்டையிலிருந்து மாத்திரைகளை ஒவ்வொன்றாகப் பிதுக்கி எடுத்து, காலியான சத்து மாத்திரைப் புட்டியில் போட்டு, வாயில் பஞ்சை அடைத்து, மூடியைத் திருகிக் கொடுக்க வேண்டும். முதலாளி என்னைத்தான் கூப்பிடுவார், கை சுத்தமாம்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் எனக்கு ஸ்கேன் எடுத்தார்களே, அந்த டாக்டர் என் முகத்தைப் பார்க்கவே இல்லை. "ஒண்ணுமில்லம்மா, நீங்க வெளிய உக்காருங்க"ன்னு சொல்லிவிட்டு உன் தங்கையை உள்ளே அழைத்தார். அவள் உன்னோடு போனில் பேசிக்கொண்டே வெளியே வந்தாள், கண் சிவந்திருந்தது, தூசி விழுந்துவிட்டது என்றாள். ஞாயிற்றுக்கிழமை நீ போனில், "கேஸ் ட்ரபிள்தான்மா, சத்து மாத்திரை சாப்பிடு, சரியாயிடும்"னாய். மறுநாள் தங்கை கையில் புட்டி வந்தது. யாருக்கடா காதில் பூ சுற்றுகிறீர்கள்? அந்தக் கம்பெனியின் சத்து மாத்திரை நீளமாக, பழுப்பாக இருக்கும், மூடியைத் திறந்தால் மூக்கில் ஏறுகிற வாடை வரும். இதில் இருப்பது வெள்ளையாக, உருண்டையாக, நடுவில் கோடு போட்டு, வாடையே இல்லாமல். பஞ்சுகூட வீட்டில் காயத்துக்கு வைக்கிற பஞ்சு. மருந்துக்கடைக்காரியை ஏமாற்றுகிற லட்சணமா இது? ஒரு நிமிடம் சிரிப்பு வந்தது, அப்புறம் புட்டியை மூடி வைத்துவிட்டேன். மாமாவை இளித்து இளித்தே அனுப்பினார்களே, அதே இளிப்பு என் பிள்ளைகள் முகத்தில்.

என்ன நோய் என்பதை, என் கையாலேயே எத்தனையோ புட்டிகளில் போட்ட அந்த மாத்திரை எனக்குச் சொல்லிவிட்டது. எவ்வளவு தூரம் போயிருக்கிறது என்பதை மாத்திரை சொல்லாது, டாக்டர் உன்னிடம் சொல்லியிருக்கிறார். அது என்னுடையதடா, என்னிடம் கொடு. எனக்கும் பயமாகத்தான் இருக்கிறது, இல்லை என்று பொய் சொல்லமாட்டேன், ஆனால் தனியாகப் பயப்பட வைக்காதே. கண்ணாடி அறை எனக்கு வேண்டாம். நீ வருகிற வரைக்கும் குழாய் போட்டு மூச்சைப் பிடித்துவைக்கச் சொல்லி யாரிடமும் கெஞ்சாதே, அதற்கு முன்னால், நான் உட்கார்ந்து உன்னைத் திட்டுகிற நிலையில் இருக்கும்போதே வா. தங்கையைக் கோபித்துக்கொள்ளாதே, பாவம், நான் விழுங்குகிறேனா என்று பார்த்துக்கொண்டே நிற்கிறாள். நானும் கன்னத்தில் ஒதுக்கிக்கொண்டு போய்க் குரோட்டன்ஸ் செடித் தொட்டியில் துப்பிவிடுகிறேன். அந்த நோயின் பெயரை நீ உன் வாயால் சொல்லாமல் ஒன்றுகூட உள்ளே போகாது, சொல்லிவிட்டேன்.

நீங்கள் மூவரும் நோய்நொடி இல்லாமல், ஒருவருக்கொருவர் ஒளிக்காமல் நூறு வயது இருங்கள். குளிரில் குட்டிக்குக் காது மூடுகிற குல்லாவைப் போட்டு அனுப்பு, மறந்துவிடாதே. கடிதம் கிடைத்ததும் போன் பண்ணு. கேஸ் என்று ஆரம்பித்தாயானால் அந்த நிமிடமே வைத்துவிடுவேன்.

இன்றைக்கு வாய்விட்டுப் பேச முடிகிற,
உன் அம்மா