பஸ்ஸில் நீ சொன்ன தெலுங்குப் படம்

பாப்கார்ன் மேல் இப்போது ஏதோ மஞ்சள் தூளைத் தூவிக் கொடுக்கிறார்கள். சீஸாம். ஈரத் துணியை வாளியில் ஊறப்போட்டு மூன்று நாள் மறந்துபோனால் ஒரு வாடை வருமே, அதேதான். பக்கத்து சீட்டுக்காரர் மடி நிறைய அதை வைத்துக்கொண்டு, திரையில் ஒருவன் தன் நண்பனின் கழுத்தை நெரிக்கிற நேரத்தில் நிதானமாக விரலை நக்கிக்கொண்டிருந்தார். எனக்குக் குமட்டியது. பாப்கார்ன் மட்டும் அதற்குக் காரணம் இல்லை. அதை உன்னிடம் ஒப்புக்கொள்ளத்தான் எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

நீ பஸ்ஸில் கதை சொன்ன அந்தத் தெலுங்குப் படத்தை இப்போது தமிழில் எடுத்திருக்கிறார்கள். இத்தனை வருஷம் கழித்து யாருக்கு என்ன அவசரம் வந்ததோ. தில்லியில் தமிழ்ப் படத்துக்கு வழக்கம்போல ஒரே ஒரு காட்சி, அதுவும் மத்தியானம், ஜனக்புரியில் ஒரு மாலில். நானாகப் போகவில்லை. அண்ணிதான் போன் செய்தார்.

"தம்பி, அவுக பஸ்ஸுல சொன்னாகளே ஒரு தெலுங்குப் படம், அது தமிழ்ல வந்திருக்காம்ல. போய்ப் பாத்துட்டு வந்து எனக்குக் கதை சொல்லுங்க. அந்த லெட்டர் சீனை எப்படி எடுத்திருக்கான்னு மட்டும் நல்லாப் பாருங்க."

நீ போய் இரண்டு குளிர்காலம் ஆகிவிட்டது. இந்த இரண்டு வருஷத்தில் உன் மனைவி என்னிடம் கேட்ட ஒரே உதவி இது. மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? லெட்டர் சீன் என்ற வார்த்தை காதில் விழுந்ததுமே போனை மற்றக் காதுக்கு மாற்றிக்கொண்டேன். சரி அண்ணி என்று சொல்லிவிட்டேன்.

படமா அது? மலைப் பாதையில் வேன் ஒன்று கவிழ்ந்து கிடக்கிறது. அதில் ஒரு பை, பை நிறையத் தங்கம். நான்கு நண்பர்கள் அதைத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். ஒருவர் தோளில் ஒருவர் கை போட்டுக்கொண்டு ஒரு பாட்டு. பாட்டு முடிந்ததும் வெட்டு, குத்து. ரத்தம் கேமரா கண்ணாடியில் தெறித்து வழிகிறது, அதை டைரக்டர் மெதுவாக வேறு காட்டுகிறான். நண்பன் ஒவ்வொருவன் சாகும்போதும் முன் வரிசையில் விசில். கூட உட்கார்ந்து தின்றவனைக் கொல்கிறவனுக்கு எதற்கு விசில் அடிக்கிறார்கள் என்று எனக்கு எரிச்சலாக இருந்தது. சீ என்று வாய்விட்டே சொன்னேன். நீ இந்தக் கதையைச் சொன்னபோது ஒரு சொட்டு ரத்தம் இல்லை. அதைவிட மோசமாக ஒன்று இருந்தது.

அந்த பஸ் உனக்கு நினைவிருக்கும். ஜனக்புரியிலிருந்து ஆபீஸ் போகிறவர்கள் மாசத்துக்கு இவ்வளவு என்று பேசி அமர்த்திக்கொண்ட சார்ட்டர்ட் பஸ். அவரவர்க்கு அவரவர் சீட், வருஷக்கணக்காக. பிரீஃப்கேஸை நான்கு முழங்கால்களுக்கு நடுவே மேஜையாக வைத்து சீட்டாட்டம். நீ கடைசியாக வந்து சேர்ந்தவன். பின் வரிசையில், என் பக்கத்தில் உனக்கு இடம் கிடைத்தது. ஒரே மாதத்தில் சீட்டுக்கட்டை மூட வைத்துவிட்டாய். கோவில்பட்டிக்காரனாக இருந்தாலும் உன் வீட்டில் பேச்சு தெலுங்கு. டூர் போகிற இடத்தில் தெலுங்குப் படம் பார்த்துவிட்டு வருவாய். வந்து தினமும் ஐம்பது நிமிஷம், தமிழும் இந்தியுமாக, காட்சி காட்சியாகச் சொல்வாய். முன் சீட்டு சர்தார்ஜிகூட, "ஃபிர் க்யா ஹுவா?", அப்புறம் என்ன ஆச்சு என்று திரும்பி உட்கார்ந்து கேட்பார்.

ஹைதராபாத் டூர் முடிந்து நீ இந்தப் படத்தைச் சொன்னது நல்ல ஜனவரி. ஜன்னல் எல்லாம் மூடி, வெளியே பனிமூட்டம். நீ வேர்க்கடலையை உரித்து எல்லோர் கையிலும் இரண்டு இரண்டாகப் போட்டுக்கொண்டே சொன்னாய். மூன்றாவது நாள் அந்தக் கட்டம் வந்தது. நண்பர்களில் ஒருவன் மற்றவனைக் கத்தியால் குத்தவில்லை. போலீசுக்கு ஒரு மொட்டைக் கடிதம் போடுகிறான். அந்தக் கடிதத்தால் எல்லாவற்றையும் இழந்தவன், போலீஸ் ஸ்டேஷனில் அதை ஒரு தடவை வாசிக்கிறான். வாசித்ததும் எழுதியது யார் என்று தெரிந்துவிடுகிறது.

எதிர் சீட்டு வேலூர்க்காரர் பாலுதான் கேட்டார்: "கையெழுத்தே இல்லாம எப்படி சார் கண்டுபுடிச்சான்?"

"அடுப்படிக்குப் பின்னால, எந்தப் பானைல நகை இருக்குன்னு வரைக்கும் எழுதியிருக்கான்லா. அந்த வீட்ல கை நனைச்சவனுக்குத்தான அது தெரியும்?"

"அப்போ போய் சட்டையைப் புடிச்சிருப்பான்."

"இல்ல. மறுநா காலைல அவன் கூடத்தான் உக்காந்து டீ குடிச்சான்."

சொல்லிவிட்டு என் உள்ளங்கையில் இரண்டு கடலையைப் போட்டாய். அந்தக் குளிரில் எனக்கு முதுகு வேர்த்தது. "படத்துல இப்படியா இருக்கு?" என்று கேட்டேன்.

"பின்ன? நானா இட்டுக்கட்டுதேன்? படத்துல அப்படித்தான்லே இருக்கு."

பாலு கிளைமாக்ஸ் கேட்டார். நீ என்னைக் காட்டி, "இவன் பிளேன் ஏறுற அன்னைக்குச் சொல்லுதேன்," என்றாய். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

இப்போது நான் எழுதவேண்டியதை எழுதுகிறேன். உனக்கு இது புதிதல்ல.

அந்த ஜனவரிக்கு முந்தின வருஷம் நம் ஆபீசில் வெளிநாட்டுத் தூதரக வேலைக்கு ஒரே ஒரு இடம், மூன்று வருஷத்துக்கு. பட்டியலில் முதல் பெயர் உன்னுடையது. இரண்டாவது நான். நீ அப்போதே லக்ஷ்மிபாய் நகரில் தையல்கார மாஸ்டர்ஜியிடம் அளவு கொடுத்துக் கறுப்புக் கோட்டு ஒன்று தைத்துவிட்டாய். எனக்குத் தூக்கம் போயிற்று. உன் முகத்தைப் பார்த்தால் சிரிப்பேன், தலையைத் திருப்பினால் வயிறு எரியும். அந்த ஆகஸ்டில்தான் நாலா என்கிற சாக்கடைக் கால்வாய் பெருகி, அதன் கரையில் குடிசைகள் இருந்த கேம்புக்குள் தண்ணீர் புகுந்தது. உங்கள் வீட்டுக்கு வேலைக்கு வந்துகொண்டிருந்த செல்வியின் குடிசையில் இடுப்பளவு தண்ணீர். செல்வியையும் அவள் புருஷனையும் கைக்குழந்தையையும் உன் குவார்ட்டர்ஸின் பின் வராந்தாவில் தங்கவைத்தாய். மறைப்புக்கு நீலத் திரை கட்டினோம். நீ ஆணி அடித்தாய், நான் ஸ்டூலைப் பிடித்துக்கொண்டேன். அண்ணி போட்ட சோற்றைச் சாப்பிட்டுவிட்டு வீட்டுக்கு வந்து, அந்த வாரமே உட்கார்ந்து, குவார்ட்டர்ஸ் ஒதுக்குகிற ஆபீசுக்குப் பெயர் போடாமல் ஒரு கடிதம் எழுதினேன். அரசாங்கக் குவார்ட்டர்ஸை வாடகைக்கு விட்டிருக்கிறார், சமையலறைக்குப் பின்னால் நீலத் திரை போட்ட வராந்தாவில் குடியிருக்கிறார்கள் என்று. வாடகை என்பது பச்சைப் பொய். திரை மட்டும் உண்மை. பொய்யை நம்பவைக்க எனக்கு ஓர் உண்மை தேவைப்பட்டது.

ஒரு காலையில் சோதனைக்கு வந்தார்கள். செல்வி குழந்தையோடு மழையில் போய் நின்றாள். உனக்கு வீடு போயிற்று, பட்டியலில் இருந்து பெயரும் போயிற்று. ஜனக்புரியில் இரண்டாம் மாடியில் வாடகைக்கு வந்தாய். அதனால்தான் என் பஸ்ஸுக்கு வந்தாய். நான் உன்னிடம் இருந்து பிடுங்கிய வீடுதான் உன்னை என் பக்கத்தில் கொண்டுவந்து உட்கார வைத்தது. உனக்கு வரவேண்டிய உத்தரவு என் பெயருக்கு வந்தபோது பஸ் முழுக்க லட்டு கொடுத்தேன். நீயும் ஒன்று எடுத்துக்கொண்டாய். இதை எழுதும்போது என் கையை எங்காவது கழுவவேண்டும் போல் இருக்கிறது.

ஏர்போர்ட்டுக்கு நீ மட்டும்தான் வந்தாய். கையில் அந்தக் கறுப்புக் கோட்டு. "எனக்கு இனி எதுக்குலே இது? அங்க குளிரும். போட்டுக்கோ," என்று விரித்துப் பிடித்தாய். நான் கை நுழைத்தேன். நீ என்னைவிட உயரம், ஆனாலும் கை சரியாக இருந்தது. "மாஸ்டர்ஜிகிட்ட ரெண்டு அங்குலம் கொறைக்கச் சொன்னேன்," என்றாய். காலரை நீயே இழுத்துவிட்டு, இரண்டடி தள்ளி நின்று பார்த்தாய். "ஏலே, சினிமாவுல வர்றவன் கணக்கா இருக்க." கிளைமாக்ஸ் கேட்க எனக்கு மறந்தே போயிற்று. மூன்று குளிர்காலம் அந்தக் கோட்டைப் போட்டுக்கொண்டு திரிந்தேன். அவனுக்குத் தெரிந்திருந்தால் இதைக் கொடுத்திருப்பானா என்று ஒவ்வொரு காலையும் பொத்தானைப் போடும்போது எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொள்வேன்.

மாலில் உட்கார்ந்து லெட்டர் சீனுக்காகக் காத்திருந்தேன். இடைவேளை போயிற்று. வரவில்லை. அப்படி ஒரு கடிதமே படத்தில் இல்லை. நான்கில் மூன்று பேர் செத்துவிட்டார்கள். எல்லோரையும் காட்டிக்கொடுத்தவன் மட்டும் மிஞ்சுகிறான். கடைசிக் காட்சியில் ஏர்போர்ட். கறுப்புக் கண்ணாடி போட்டு, கறுப்புக் கோட்டு போட்டு, டமடமவென்று மேளத்தோடு நடந்து விமானம் ஏறுகிறான். முன் வரிசையில் எழுந்து நின்று கை தட்டினார்கள்.

என்னால் உட்கார முடியவில்லை. பாத்ரூமுக்கு ஓடி வாந்தி எடுத்தேன். கடைசியில் கிளைமாக்ஸை நீ எனக்குச் சொல்லித்தான் இருக்கிறாய். வாயால் சொல்லவில்லை, அந்தக் கறுப்புக் கோட்டில் என் கையை நுழைக்க வைத்துச் சொன்னாய்.

ஆனாலும் புத்தி ஒரு சந்து தேடியது. தமிழில் எடுக்கும்போது லெட்டர் சீனை வெட்டியிருக்கலாம் இல்லையா? வீட்டுக்கு வந்து போனில் தெலுங்குப் படத்தையே போட்டுப் பார்த்தேன், கீழே எழுத்து ஓட ஓட. அதிலும் அந்தக் கடிதம் இல்லை. இத்தனை வருஷமும் அந்தப் படம் என் சட்டைப்பையில் இருந்த போனிலேயே இருந்திருக்கிறது. தெலுங்கு தெரியாது என்று சொல்லித் தட்டிக்கழித்தேன். பயம், வேறொன்றும் இல்லை.

முதலில் உன்மேல்தான் கோபம் வந்தது. சட்டையைப் பிடித்திருக்கலாமே? பஸ் நடுவில் வைத்து நாலு அறை விட்டிருக்கலாமே? அதற்குப் பிறகும் இத்தனை வருஷத்தில் என் வீட்டுக் கல்யாணத்துக்கு வந்தாய், என் பேரப்பிள்ளைக்கு மோதிரம் போட்டாய். அது பெரிய மனசா, இல்லை நிதானமாக வைத்து அறுத்ததா? எனக்குத் தெரியவில்லை. பெரிய மனசு என்று எழுதினால் எனக்கு வசதி. அதனால் எழுதமாட்டேன். கோபம் ஆறின பிறகு மிஞ்சியது என் மேலான அருவருப்புதான். அது ஆறுவதாகத் தெரியவில்லை.

அண்ணிக்கு என்ன சொல்வது? லெட்டர் சீனைப் பிரமாதமாக எடுத்திருக்கிறான் என்று ஒரு பொய் போதும். அவர் எங்கே தியேட்டருக்குப் போகப்போகிறார்? அண்ணி வீட்டுப் படியேறும்வரை அந்தப் பொய் நாக்கிலேயே இருந்தது. இரண்டாம் மாடி ஏறுவதற்குள் மூச்சு வாங்கியது. அண்ணி காபி கொண்டுவந்து வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தார்.

"லெட்டர் சீன் வந்துச்சா தம்பி?"

"இல்ல அண்ணி. படத்துல அப்படி ஒண்ணு இல்லவே இல்ல." காபியைத் தொடாமல், "உங்க வீட்டைப் பத்தி மொட்டை லெட்டர் எழுதினது நான்," என்றேன்.

அவர் முகத்தில் ஒன்றும் மாறவில்லை. "தெலுங்குலயும் இல்ல தம்பி. ஹைதராபாத்துக்கு அவுககூட நானும்தான் போயிருந்தேன். ரெண்டு பேரும் சேந்துதான் அந்தப் படத்தைப் பாத்தோம்."

அண்ணி தொடர்ந்தார்.

"அவுக இருக்கிறவரைக்கும் வாயைத் தொறக்கக் கூடாதுன்னு சொல்லிட்டாக. இப்ப அவுக இல்ல. நீங்களா சொல்லுவீகளான்னு பாத்தேன், சொல்லிட்டீக. அதுக்காக நான் மறந்துட்டேன்னு நெனைக்காதீக." காபியை என் பக்கம் தள்ளினார். "அந்தக் கோட்டு இருந்தாக் கொண்டாந்து குடுத்துருங்க. செல்வி வீட்டுக்காரன் நைட் டூட்டி பாக்கான். குளிர் ஆரம்பிச்சுருச்சு."

நேற்றுச் சாயங்காலம் பீரோவில் இருந்து எடுத்தேன். அந்துருண்டை வாடை. மடித்துக் கையில் போட்டுக்கொண்டு நடந்தே போனேன். செல்வியும் அவள் புருஷனும் வந்திருந்தார்கள். கேம்பை இடித்த பிறகு இந்தப் பக்கம்தான் ஓர் அறையில் இருக்கிறார்கள். செல்வி என்னைப் பார்த்து, "நல்லா இருக்கீங்களா சார்?" என்றாள். மழையில் அவளை நிறுத்தியது நான்தான் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அண்ணி தலையை ஆட்டி வேண்டாம் என்றார். என் மனசு லேசாவதற்கு அவள் எதற்கு என்று நினைத்திருப்பார். அந்தப் பாரத்தையும் நானே வைத்துக்கொள்ள வேண்டியதுதான்.

அவன் கோட்டைப் போட்டுப் பார்த்தான். உன் உயரம், உன் தோள். முதுகு உனக்குத் தைத்தது போலவே படிந்தது. கை மட்டும் போதவில்லை. அண்ணி கையோரத்தைத் திருப்பி, உள்ளே மடிப்பில் துணி விட்டிருக்கிறதா, பிரித்துவிட முடியுமா என்று பார்த்தார். இல்லை. எனக்காக நீ அதை வெட்டியே எடுத்திருக்கிறாய்.

"பரவால்லம்மா, இது போதும்," என்று சொல்லிவிட்டு அவன் டூட்டிக்குப் போனான். இரண்டு மணிக்கட்டும் வெளியே தெரிந்தன.