பாதை மிதக்கும் ராச்சியம்

நவம்பர் 12, திங்கள்

விடிய முதலே மழை. கூரை மூன்று இடத்தில் ஒழுக்கு. நான்காவது என் தலைக்கு நேரே. பேரரசர்களுக்கு முடிசூட்டு அபிஷேகம் இப்படித்தான் என்று அக்காவுக்கு அறிவித்தேன்.

அக்கா: "அபிஷேகம் முடிஞ்சா அந்த வாளியை ஊத்திப்போட்டு வா."

அக்காவின் மகள் வாசுகி (இனி வா., பேனையில் மை குறைவு) நடு அறைக் கட்டிலில். ஏழாம் மாதம், பிறெஷர். எழும்பவும் கூடாது, யோசிக்கவும் கூடாது என்று டொக்டர். முதலாவது சரி. மற்றது ஏலுமோ? புருஷன் சுதன் குடாவுக்கு அந்தப் பக்கம், தோப்பூரில், படிப்பிக்கப் போனவன். அங்கே ஷெல் அடி தொடங்கியதிலிருந்து ஒரு கதையும் இல்லை. இரண்டு வாய்க்கு மேல் அவளுக்குச் சாப்பாடு இறங்குகிறதில்லை.

ஆகவே இன்று காலை, கஞ்சிக் கோப்பையும் கையுமாக, ஒரு நாட்டைத் தாபித்தேன். பெயர் மிதவாபுரி. கொட்டியாரக் குடாவில் மிதக்கிறது. நானே பேரரசன். அதை வரைபடத்தில் கீறப் போனவர்கள் எல்லாரும் பைத்தியமாகிச் சாமியாராய்ப் போனார்கள். வீடுகளுக்கு அத்திவாரம் கிடையாது, நங்கூரம். கிணறு கிடையாது. பயணப் பாஸ் கிடையாது. ஆள் எங்கே போக வேண்டுமோ அங்கே நாடே போய்ச் சேரும்.

வா.: "கதைக்கும் ஒரு அளவு வேணும் மாமா. நாடு மிதக்குமோ?"

"எங்கட ஊரில பாதையே மிதக்குது பிள்ளை. நாடு மிதந்தா என்ன குறை?"

உண்மைதானே. லொறி, மாடு, மாப்பிள்ளை எல்லாவற்றையும் ஏற்றிக் கிண்ணியாவுக்குக் கடக்கும் அந்தப் பெரிய மிதவைக்கு எங்கள் பக்கத்தில் பாதை என்றுதான் பெயர். சிரிக்க வாய் திறந்தாள். கரண்டியை உள்ளே விட்டேன். கோப்பை முக்கால்வாசி காலி.

மழைக்கு நன்றி. மற்றச் சத்தங்கள் கேட்கவில்லை.

நவம்பர் 13, செவ்வாய்

மழை விட்டு வெளிப்பு. கொடி முழுக்க ஈரச் சேலை.

பாதை ஓடாமல் இரண்டு கிழமை. ஆனாலும் கிண்ணியாவிலிருந்து தயிர்க்கார நானா, காவலில் நின்ற நேவிக்காரனைக் கெஞ்சி, தோணியில் வந்து இறங்கினார். படலையில் நின்றே பெரிய சத்தமாக:

"தங்கச்சி! தோப்பூர்ல நம்மட மச்சினன் ஒங்கட மாப்பிள்ளையக் கண்டாராம். சொகமா இரிக்காராம். பாதை தொறந்த ஒடன வாறண்டு சொல்லச் சொன்னாராம்!"

அக்கா அப்படியே கதிரையில் இருந்துவிட்டா. நானா ஒரு சட்டி தயிரைப் பிள்ளைக்கென்று வைத்துவிட்டு, தேத்தண்ணியும் குடியாமல் போனார். அவரை மிதவாபுரியின் ஆயுட்கால முதல் மந்திரியாக நியமித்துக் கட்டளை பிறப்பித்தேன்.

வா. தயிரும் சோறும். பிறகு தானாகவே கேட்டாள்: "மிதவாபுரிச் சனம் எப்பிடி?"

சொன்னேன். உயரம் பனை அளவு, மனம் அதைவிடக் கொஞ்சம் உயரம். எல்லாரும் ஒரு பக்கமாய்க் கூடிச் சிரித்தால் நாடு சரிந்துவிடும், ஆகவே முறை வைத்துத்தான் சிரிப்பு. யாருக்காவது துக்கம் என்றால் ஊர் முழுக்க எழும்பி நடுவுக்கு வந்து இருக்கும். அவர்களுக்கு உள்ள ஒரே சட்டம் அது. பிறகு அங்கே கிணத்தடியில் நடந்த ஒரு கலியாணக் கதை.

வா.: "நேற்றுக் கிணறு இல்லை எண்டனீங்கள். இப்ப கிணத்தடியில கலியாணம் எண்டுறியள்?"

"கலியாணத்துக்கு எண்டு இரவல் வாங்கின கிணறு."

அக்கா குசினியிலிருந்து: "உன்ர ராச்சியத்தில தேங்காய் துருவ ஒருத்தரும் இல்லையோ?"

நவம்பர் 15, வியாழன்

பாதை ஓடுகிறது! வானொலி சொல்லவில்லை, மீன்காரன் சொன்னான். சைக்கிளை எடுத்துக்கொண்டு துறையடிக்குப் பறந்தேன் (காற்றே பின்னால் மூச்சு வாங்கியது).

போகும் போது வா.: "உந்தக் கிழிஞ்ச சேட்டை மாத்திக்கொண்டு போங்கோ மாமா. அவர் உங்களைக் கண்டு திரும்பிப் போயிடுவார்."

காலை முதல் துறையடியில். ஒவ்வொரு தரமும் பாதை வந்து முட்ட, முகம் முகமாகப் பார்த்தேன். குடை, மூட்டை, கோழி, மூக்குக்கண்ணாடி போட்ட யாரோ ஒருவர். அவன் இல்லை. காவலுக்கு நின்ற நேவிப் பெடியன் தெரிந்த தமிழில், "ஐயா, யார் வாறது?" "மருமகன்." "வரும், வரும்." தன்னுடைய வாங்கில் இருக்க இடம் விட்டான். அவனுக்கும் நன்றி.

கடைசிப் பாதையில் இரண்டு ஆட்டுக்குட்டிகளும் அவற்றின் சொந்தக்காரரும்.

சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்தேன். வழி முழுக்கப் பொய் தேடினேன். என்னிடம், பொய்யின் சக்கரவர்த்தியிடம், ஒன்றும் இல்லை.

வா.: "கதை விடாதேங்கோ. வந்தவரோ?"

"வரேல்லைப் பிள்ளை."

சுவர்ப் பக்கம் திரும்பிக் கொண்டாள். சாப்பாடு இல்லை. அக்காவும் நானும் அவள் கட்டிலடியில் நிலத்தில். பக்கத்து வீட்டு ரீச்சரும் வந்து எங்களோடு இருந்தா. வாக்குக் கொடுத்தவன், பாதையும் ஓடியது, ஆள் இல்லை என்றால் என்ன அர்த்தம்?

நவம்பர் 16, வெள்ளி

திரும்பவும் துறையடி. மத்தியானம் வரை. இல்லை. பிறெஷர் மாத்திரை வாங்க வேண்டும் என்று வீட்டுக்குத் திரும்பினேன்.

படலையில் சேறு அப்பிய சப்பாத்துத் தடம். குசினியில் அக்கா அழுது அழுது மீன் பொரிக்கிறா. கட்டிலில் வா., அவள் கையைப் பிடித்தபடி சுதன். தாடியும் புழுதியும்.

"ஐசே! எந்தப் பாதையால வந்தனீர்? ரெண்டு நாளாய் நான் அங்க நிண்டு காய்ஞ்சு போனன்!"

"கந்தளாய்ப் பாதையால மாமா. நேற்றுத்தானே திறந்தவங்கள். பஸ்ஸில அங்க இறக்கி, இங்க ஏத்தி, கந்தளாயில படுத்து..."

"அது றோட்டு, காணும்! பாதை எண்டா தண்ணியில மிதக்கிறது!"

"எங்கட வவுனியாவில பாதை நிலத்தில தான் மாமா கிடக்கும்."

வா.வுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். அக்கா அகப்பையோடு ஓடி வந்து, "சிரியாதை பிள்ளை, பிறெஷர் ஏறும்!" சொல்லிக்கொண்டே தானும்.

வவுனியா மாப்பிள்ளைக்குப் பெண் கொடுத்தால் அகராதியும் சேர்த்துக் கொடுத்திருக்க வேண்டும். யாரைக் கும்பிடுவது என்று தெரியவில்லை. சைக்கிளைக் கும்பிட்டேன்.

பின்னேரம். கட்டிலின் கால்மாட்டில், நிலத்தில், சப்பாத்தோடு சுதன் நித்திரை. கழற்றப் போன என்னை வா. தடுத்துவிட்டாள், எழும்பிவிடுவானாம். பசிக்குதாம் அவளுக்கு. பெரிய கோப்பையில் வேணுமாம். போடப் போகவேண்டும்.