நடுப் பெடல்

ஜூன் 3

டீச்சர் அம்மாவுக்கு,

நலம். நீயும் நலமாகத்தான் இருப்பாய். என்னைப் பார்க்காமல் இருப்பவர்கள் எல்லோரும் நலமாகத்தான் இருக்கிறார்கள். கட்டின புருஷன் போனை எடுப்பதில்லை என்று நான்கு வருடமாக வைராக்கியமாக இருக்கிறாய். போகட்டும். இது அலுவலக விஷயம்.

அகராதியில் 'பெடல்' என்ற சொல் என் மேசைக்கு வந்திருக்கிறது. எனக்கு மேலே உட்காரவைத்திருக்கும் புதுப் பதிப்பாசிரியர் என்னைவிடப் பதினைந்து வயது இளையவர். "சார், காலால மிதிக்கிற கட்டைன்னு போட்டுட்டு அடுத்த வார்த்தைக்கு வாங்க" என்கிறார். சைக்கிளில் மிதித்தால் ஆளும் சேர்ந்து போகிறான். தையல் மெஷினில் நாளெல்லாம் மிதித்தாலும் ஆள் இருந்த இடத்திலேயே இருக்கிறான். காரில் ஒன்றை மிதித்தால் ஓடுகிறது, பக்கத்தில் இருப்பதை மிதித்தால் நிற்கிறது. குப்பைத்தொட்டியை மிதித்தால் அது வாயைத் திறக்கிறது. பல் டாக்டர் மிதித்தால் நாம் அலறுகிறோம். எல்லாம் ஒரே கட்டையாம்! இருபத்தாறு வருடம் இந்த நாற்காலியைத் தேய்த்தவனுக்குப் பாடம்.

பியானோவில் மட்டும் எனக்குத் தடுமாற்றம். மூன்று பெடல் இருக்கிறதே, எது என்ன செய்யும் என்று எழுது. நீ விட்டுப்போன பியானோ கூடத்தில் பாதியை அடைத்துக்கொண்டு நிற்கிறது. நான் தொடவில்லை.

அதைப் பார்த்தாலே பழசெல்லாம் கிளம்புகிறது. கடைசி ஐந்தாறு வருடம் நான் பேசினால் நீ முதுகைக் காட்டிக்கொண்டு வாசிப்பாய். பதில் வராது. வந்தாலும் கேட்டதற்கு வராது. சாவி எங்கே என்றால், லாரி அப்போதே போய்விட்டது என்பாய். ஒருநாள் சாயங்காலம் புதுச் சாக்கு ஒன்று கண்டுபிடித்தாய், காது சரியாகக் கேட்கவில்லை, டாக்டரிடம் போய்வந்தேன் என்று. நான் செய்தித்தாளை இறக்காமலே சொன்னேன்: "காது நல்லாத்தான் இருக்கு. நான் பேசறதைக் கேக்கத்தான் உனக்கு மனசில்லை. நிஜமாவே கேக்காமப் போனா எனக்கும் நிம்மதி." சொல்லிவிட்டுச் சிரித்தேன்கூட. நீ வாயே திறக்கவில்லை. அடுத்த மாதம் பெட்டியோடு போய்விட்டாய். இன்றைக்கும் அதில் ஒரு சொல்லை நான் மாற்ற மாட்டேன்.

இப்படிக்கு,
அகராதிக்காரன்

ஜூன் 11

அன்புள்ள உங்களுக்கு,

கடிதம் கிடைத்தது. கேட்டதை எழுதுகிறேன்.

வலது பெடலை மிதித்தால் தந்திகளை அடக்கி வைத்திருக்கும் கட்டைகள் எல்லாம் ஒன்றாக விலகும். விரலை எடுத்த பிறகும் நாதம் நிற்கும். இடது பெடல் சுத்தியல்களைத் தந்திக்குக் கிட்டே கொண்டுவரும், அடி மெதுவாக விழும். நடுப் பெடல் சுத்தியலுக்கும் தந்திக்கும் நடுவே ஒரு கம்பளிப் பட்டையை இறக்கும். பக்கத்து வீட்டுக்குத் தொந்தரவு இல்லாமல் பழகுவதற்காக வைத்தது. மிதித்து இடப்பக்கம் தள்ளினால் அப்படியே மாட்டிக்கொள்ளும். என்னுடையதைப் பன்னிரண்டு வருடத்துக்கு முன்பு, வீட்டிலேயே புரூஃப் பார்க்க ஆரம்பித்தபோது, நீங்கள்தான் காலால் தள்ளினீர்கள். நான் எடுத்துவிடவே இல்லை.

இன்னொரு பொருளும் உண்டு. அடியில் ஒரே சுரம் நீண்டு நிற்க, மேலே மற்றதெல்லாம் மாறிக்கொண்டே போகும். அந்தச் சுரத்துக்கும் பெடல் என்றுதான் பெயர். அதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

உங்கள் கடிதத்தின் கடைசிப் பகுதியை மூன்று தடவை படித்தேன். அதைப் பற்றி எழுத இன்றைக்குக் கை வரவில்லை.

அன்புடன்,
டீச்சர்

ஜூன் 20

டீச்சர் அம்மாவுக்கு,

பெடல் என்றால் ஒரு சுரம் என்ற பொருளைப் பதிப்பாசிரியர் தன் கையாலேயே சேர்த்துக்கொண்டார். அதற்கு நன்றி. ஆனால் இந்தக் கடிதம் நன்றி சொல்ல இல்லை.

எதையும் கண்ணால் பார்க்காமல் எழுதுகிறவன் நான் இல்லை. அதனால் பியானோ ட்யூனர் ஒருவரை வரவழைத்தேன். மேல் மூடியைத் திறந்து, டார்ச் அடித்துப் பார்த்தார். பிறகு, "இங்க யார் சார் வாசிச்சது? ரொம்பக் கோவக்காரங்களா?" என்றார்.

நானும் எட்டிப் பார்த்தேன். கம்பளிப் பட்டையின் இடப்பாதி கடையில் வாங்கியதுபோல இருக்கிறது. நடுவில் பள்ளம் விழ ஆரம்பிக்கிறது. போகப் போக ஆழம். வலது கோடியில் பட்டையே இல்லை, நார் நாராகத் தொங்குகிறது. அந்தக் கட்டைகளைக் கையை ஓங்கித்தான் அடித்திருக்க வேண்டும் என்கிறார் ட்யூனர். அடுத்த அறையில் நான் கண்ணைச் சுருக்கிக்கொண்டு எழுத்து எழுத்தாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். நீ இங்கே உட்கார்ந்து என்னை அடித்துக்கொண்டிருந்தாயா? அத்தனை ஆத்திரமா? இவ்வளவு நாள் மௌனம்தான் உன் ஆயுதம் என்று நினைத்திருந்தேன்.

பதில் எழுது.

அகராதிக்காரன்

ஜூன் 29

அன்புள்ள உங்களுக்கு,

ஆத்திரம் இல்லை. எனக்குக் கேட்கவில்லை.

உங்கள் வேலைக்காக ஊர் மாறியதில் என் பள்ளி வேலை போன பிறகு, நான் தொட்டது அந்த ஒரு பியானோதான். வலப்பக்கத்து மேல் சுரங்கள் வருடா வருடம் மங்கின. பட்டை இறங்கியிருக்கிறதே, அப்படித்தான் இருக்கும் என்று நினைத்து இன்னும் பலமாக அடித்தேன். ஒருநாள் நீங்கள் ஆபீஸ் போயிருந்தபோது நடுப் பெடலை விடுவித்துவிட்டு வாசித்தேன். பட்டை விலகிய பிறகும் வலது கோடியில் மரம் தட்டுகிற சத்தம் மட்டும் வந்தது. பெடலை மறுபடி மாட்டிவிட்டு டாக்டரிடம் போனேன்.

எந்தச் சுரம் எவ்வளவு கேட்கிறது என்று அவர் ஒரு தாளில் கோடு போட்டுக் காட்டினார். இடப்பக்கம் நேராகப் போய், நடுவில் சரிந்து, வலப்பக்கம் அடிமட்டத்தில் விழுகிற கோடு. நீங்கள் எழுதியிருக்கும் கம்பளிப் பட்டை அந்தக் கோடேதான். பட்டையால் காது போகவில்லை, அது நரம்பின் குறை. ஏழெட்டு வருடம் முன்னாலேயே வந்திருந்தால் நிறையக் காப்பாற்றியிருக்கலாம் என்றார். உயிரெழுத்துகள் கேட்கும், மெய்யெழுத்துகள் போய்விடும் என்றார். உங்கள் குரல் வரும், சொல் வராது.

அன்று சாயங்காலம்தான் உங்களிடம் சொன்னேன். தாள் கைப்பையில் இருந்தது. செய்தித்தாளுக்குப் பின்னால் உங்கள் குரல் கேட்டது. செய்தித்தாள் குலுங்கியதால் சிரிக்கிறீர்கள் என்று தெரிந்தது. என்ன சொன்னீர்கள் என்று தெரியவில்லை. பயப்படாதே, எல்லாம் சரியாகிவிடும் என்று சொல்லிச் சிரித்திருப்பீர்கள் என்று வைத்துக்கொண்டேன். டாக்டர் என்ன சொன்னார் என்று நாளைக்குக் கேட்பீர்கள், நாளைக்குக் கேட்பீர்கள் என்று ஒரு மாதம் காத்திருந்தேன். கேட்கவில்லை. அதனால்தான் போனேன். போன பிறகும், ஏதோ நல்ல வார்த்தை சொன்னார், பாவம், அப்புறம் மறந்துவிட்டார் என்றுதான் இருந்தேன்.

நீங்கள் சொன்னது என்ன என்று எனக்கு ஜூன் மூன்றாம் தேதிக் கடிதத்தில்தான் தெரிந்தது.

டீச்சர்

ஜூலை 2

என்ன சொல்லி உன்னைக் கூப்பிடுவது என்று தெரியவில்லை.

உன் கடிதத்தை ஆபீஸில் படித்தேன். எழுந்தவன் எங்கே போவதற்காக எழுந்தேன் என்று தெரியாமல் நின்றேன். பக்கத்து மேசைக்காரர் தோளைப் பிடித்து உட்காரவைத்தார்.

நான்கு வருடமாக உன் காதில் விழாமலே இருந்த ஒன்றை நானே நல்ல கையெழுத்தில் எழுதி, தபால்தலை ஒட்டி, உனக்கு அனுப்பியிருக்கிறேன். ஒரு சொல்லையும் மாற்ற மாட்டேன் என்று வேறு. நீ எனக்கென்று ஒரு நல்ல வார்த்தையைக் கற்பனை செய்து வைத்திருந்தாய். அதையும் நானே பிடுங்கிவிட்டேன்.

நீ போனதற்கு உன்னிடம் பதில் கேட்டுக்கொண்டே இருந்தேன். டாக்டர் என்ன சொன்னார் என்ற ஒரு கேள்வியை நான் கேட்கவில்லை.

ஒரே ஒரு தடவை நேரில் வர விடு. எழுதினால் திருத்தித் திருத்தி அழகாக்கிவிடுவேன், தொழில் அப்படி. வாயால் சொன்னால் திருத்த முடியாது. வேண்டாம் என்றால் அதையாவது எழுது.

உன்
அகராதிக்காரன்

ஜூலை 15

அன்புள்ள உங்களுக்கு,

பன்னிரண்டு நாள் யோசித்தேன்.

ஞாயிற்றுக்கிழமை நான்கு மணிக்கு மேல் எனக்கு வகுப்பு இல்லை. மாடிப்படி ஏறி இரண்டாவது கதவு. பெல்லை அழுத்தினால் உள்ளே விளக்கு எரியும், பார்த்துத் திறப்பேன்.

இப்போது இரண்டு காதிலும் கருவி வைத்திருக்கிறேன். ஆனாலும் பாதி வார்த்தையை எதிரே இருப்பவர் உதட்டைப் பார்த்துத்தான் எடுத்துக்கொள்கிறேன். உங்கள் மீசை மேலுதட்டை முழுக்க மூடியிருக்கும்.

அதை எடுத்துவிட்டு வாருங்கள். இந்தத் தடவை நீங்கள் சொல்வதில் ஒரு வார்த்தைகூட எனக்குத் தப்பக் கூடாது.

டீச்சர்