இரண்டு வேன்

வெள்ளிக்கிழமை, இரவு

விழுப்புரம் மைதானத்தில் நீளம் தாண்டுதல் சான்றிதழை வாங்கிக்கொண்டு வெளியே வந்தேன். எங்கள் கல்லூரியின் இரண்டு வேன்களும் போய்விட்டிருந்தன. கபடி கேப்டனுக்குப் போன் செய்தேன்.

"நீ அத்லெட்டிக்ஸ் வேன்ல வர்றேன்னு நெனச்சிக்கினு இருந்தோம்டி."

அத்லெட்டிக்ஸ் கேப்டனைக் கேட்டால், "நீ கபடி பொண்ணுங்களோட ஏறிட்டேன்னு நெனச்சேன்" என்கிறாள்.

கல்லூரியில் சேர்ந்த நாளிலிருந்து இரண்டு அணிக்கும் ஆடுகிறேன். ஒன்றில்கூட யாரும் எனக்கு இடம் போட்டு வைப்பதில்லை.

திண்டிவனம் பஸ்ஸில் தனியாக உட்கார்ந்திருந்தபோது அம்மா கூப்பிட்டாள்.

"யாரோடடி வர்ற?"

"டீமோடதாம்மா வந்துக்கினு இருக்கேன்."

"பொண்ணுங்க சத்தமே கேக்கல?"

"எல்லாரும் தூங்குறாங்கம்மா."

அதைச் சொல்லும்போது, அவர்கள் விழித்துவிடக் கூடாதென்பதுபோல் குரலையும் தாழ்த்திக்கொண்டேன்.