இனி அவசரமில்லா

வாளையார்
மாசி 6, செவ்வாய்

அன்பு மகன் பூபதிராஜாவுக்கு அப்பா எழுதுவது. உத்தரகாண்டு பனியில் உன் உடம்புக்கு ஒன்றும் வராமல் இருக்க மாரியம்மனை வேண்டிக்கொள்கிறேன். இங்கே அம்மா சுகம், பிரசவத்துக்கு வந்திருக்கும் உன் தங்கை யோகப்பிரியாவும் சுகம், ஒன்பதாம் மாதம் நடக்கிறது. எனக்குத்தான் நாலு நாளாகச் சோறு இறங்கவில்லை. தினமும் போனில் பேசுகிற மனுஷன் எதற்குக் கடிதம் எழுதுகிறார் என்று நினைப்பாய், காரணத்தைப் பிறகு சொல்கிறேன்.

புதுச் சாலைக்காக நம் தோட்டத்துக்கு அந்தப் பக்கம் மலையில் பாறை உடைக்க வந்திருப்பது உன் கம்பெனிதான் என்று உனக்குத் தெரியும். போன மாதம் அங்கிருந்து ஜின்சன் என்று ஓர் எஞ்சினியர் கேமராவோடு வந்தார், வெடி வைப்பதற்கு முன்னால் வீட்டுச் சுவரையெல்லாம் படம் எடுத்துப் பதிவு செய்ய வேண்டுமாம். நான் கிணற்று மோட்டாரைக் கழற்றிப் போட்டு உட்கார்ந்திருந்தேன், இன்னொரு நாள் வாங்க என்றேன். அவர் தயங்கி நின்று, சேட்டா, இனி அவசரமில்லா என்றார். அவசரமில்லை என்று அவரே சொல்லிவிட்டார், எவ்வளவு தங்கமான மனுஷர் என்று மோர் கொடுத்து அனுப்பினேன். முந்தாநாள் பக்கத்துத் தோட்டத்துச் சின்னையன் வீட்டுச் சுவரில், படம் எடுத்ததற்கு அடையாளமாகப் போட்ட சிவப்பு நம்பரைப் பார்த்துக் கேட்டபோதுதான் விளங்கியது, மலையாளத்தில் அவசரம் என்றால் சந்தர்ப்பமாம். இனிமேல் சந்தர்ப்பமே கிடையாது என்று சொன்னவருக்குத்தான் நான் மோர் கொடுத்திருக்கிறேன். அறுபது வருஷம் இந்தக் கேரளத்து எல்லையில் மலையாளத்திலேயே மாடு விற்று ரேஷன் வாங்கியவன், ஒரு வார்த்தையில் கோட்டை விட்டேன். படம் எடுக்காத வீட்டில் எந்த விரிசல் வந்தாலும் பழசு என்றே எழுதுவார்களாம்.

சனிக்கிழமை சோதனை வெடி வைத்தார்கள். யோகா படுக்கும் அறையில் ஜன்னலுக்கு மேலே விரல் நீளத்துக்குக் கீறல் ஓடியிருந்தது. விரிசலுக்குக் குறுக்கே காகிதம் ஒட்டித் தேதி போட்டால் சுவர் நகர்கிறதா என்று தெரியும் என்று தீபாவளிக்கு வந்தபோது சொன்னாயே, அப்படியே காலண்டர் தாளைச் சோற்றுப் பசையில் ஒட்டினேன். நேற்று மறுபடி வெடித்தது. இன்று காலை பார்த்தால் காகிதம் இரண்டாகக் கிழிந்திருக்கிறது. பெண்களிடம் சொல்லவில்லை. அந்த அறை புழுக்கம் என்று யோகாவின் கட்டிலை முன் அறைக்கு இழுத்துப் போட்டேன். அந்த ரூமுக்குத்தானுங்க காத்தே வருது என்று உன் அம்மா என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். பெரிய வெடி வெள்ளிக்கிழமை.

போனில் சொன்னால் நீ அன்றைக்கே மேனேஜர் முன்னால் போய் நிற்பாய், இந்த வாரம்தான் உன் புரமோஷன் பேப்பர் போகிறது என்றாய். அதனால்தான் கடிதம், இது உன் கைக்கு வருவதற்குள் வெள்ளிக்கிழமை கடந்திருக்கும். சுவரைப் பார்க்காமல் வெடி வைக்கக் கூடாது என்று மனு எழுதிவிட்டேன், நாளை காலை கிழிந்த காகிதத்தோடு நானே இங்குள்ள கம்பெனி ஆபீசுக்குப் போகிறேன். மனுவில் உன் பெயர் இல்லை. மனுவை வாங்க மறுத்தால், வெடி நேரத்தில் வீட்டைக் காலி செய்யச் சொல்லி வருவார்கள் அல்லவா, அப்போது உன் அம்மாவையும் யோகாவையும் சின்னையன் வீட்டுக்கு அனுப்பிவிட்டு நான் அந்த அறையிலேயே உட்கார்ந்திருப்பேன், ஆள் உள்ளே இருந்தால் வெடி வைக்க மாட்டார்கள். கோபப்படாதே.

நீயும் அங்கே வீடு வீடாகப் போய்ச் சுவரைப் படம் எடுக்கிறவன். அந்த ஊர்ப் பெரியவர் யாராவது சரி என்று தலையாட்டினால் நம்பிவிடாதே சாமி, என்ன புரிந்தது என்று திருப்பிக் கேள். கம்பளியை மறக்காமல் போர்த்திக்கொள். நீ நூறு வருஷம் நன்றாயிருக்க வேண்டும். வாளையார் ரத்தினசாமி யார் என்று கம்பெனியில் கேட்டால் மட்டும், என் அப்பன்தான் என்று சொல்லிவிடு.

இப்படிக்கு
உன் அப்பா
ரத்தினசாமி