பிளாஸ்டிக்குக்குள் பதினொரு வருடம்

அன்பு மகன் தர்மேந்திரனுக்கு அம்மா எழுதுவது. லிங்கியில் நாங்கள் மூன்று பேரும் சுகம், அப்பாவின் முழங்கால் மட்டும் மழைக்கு முன்பே தகவல் சொல்லிவிடுகிறது. கடல் தாண்டித் தவாவில் நீயும் உன் பள்ளிப் பிள்ளைகளும் நலமாக இருக்கச் சாமியைக் கும்பிடுகிறேன். துணியை மூன்று நாள் ஊற வைக்காதே.

தைப்பூசத்துக்குள் தோட்டத்து வீட்டை நிர்வாகம் காலி செய்யச் சொன்னதைப் போனில் சொன்னேன், மீதியைச் சொன்னால் நீ கவலைப்படுவாய் என்று விட்டுவிட்டேன். நகராண்மைக் கழகம் நமக்கு மலிவு வீடு ஒதுக்கிய கடிதம் சாமி படத்துக்குப் பக்கத்தில் தொங்குமே, பூச்சி அரிக்கக் கூடாதென்று வந்த அன்றைக்கே அப்பா லேமினேட் செய்தாரே, அதைத் துடைக்கும்போதுதான் உன் தங்கை லோகா மலாயில் இருந்ததை அடிவரை படித்தாள். முப்பது நாளில் கையெழுத்துப் போட்டுத் திருப்பி அனுப்ப வேண்டிய பதில் சீட்டும் பிளாஸ்டிக்குக்குள்ளேயே பத்திரமாக இருக்கிறது, பதினொரு வருடமாக! அப்பாவுக்கு அந்தக் கடிதமே வீடு. தீபாவளிக்கு முன்னால் வருடா வருடம் போய் "சாவி வந்துச்சா" என்று மட்டும் கேட்பார், அழுக்காகும் என்று கடிதத்தைக் கொண்டு போகமாட்டார். அவர்களும் பட்டியலைப் பார்த்து இல்லை என்பார்கள், இவரும் ஒரு ரொட்டி சானாய் சாப்பிட்டுவிட்டு வந்துவிடுவார்.

சட்ட உதவிக்குப் போனோம். வக்கீல் பெண் "ரொம்ப லேட்டு ஆன்ட்டி, வேற குடும்பம் குடி வந்திருந்தா ஒண்ணும் செய்ய முடியாது. நல்ல காலம், வீடு காலியாத்தான் இருக்கு. அங்கிள் இத்தனை வருஷம் சும்மா இருக்கலைன்னு காட்டணும், எழுத்துல ஏதாச்சும் இருக்கா" என்றாள். அப்பா என்னைப் பார்த்தார், நான் மேலே சுற்றும் காற்றாடியைப் பார்த்தேன்.

லோகா பட்டம் வாங்கியும் கடையில் கறிவேப்பிலை கேட்கக் கூச்சப்படுகிறவள். ஆனால் கண் சும்மா இருக்காதே. நகராண்மைக் கழக வாசலில் அப்பா பெயர் எழுதும் வருகை நோட்டைப் பார்த்தவள், காவலர் மகேந்திரனின் மேசைக் காற்றாடிக்கு அடியில் பழைய நோட்டுகள் அடுக்கியிருந்ததையும் பார்த்துவிட்டாள். மெல்லக் கேட்டாளாம். அவர் "அதை உருவினா என் காத்தாடி படுத்துக்கும்லா தங்கச்சி" என்று சிரித்துவிட்டு, மேலதிகாரியைக் கேட்டு எடுத்துக் கொடுத்தார். இரண்டு வருடத்தைக் கரையான் தின்றுவிட்டது. மற்ற ஒன்பது வருடமும் பெயர் தங்கராஜு, மோட்டார் சைக்கிள் நம்பர், வந்த காரணம் 'வீட்டுச் சாவி', எல்லாம் அப்பா கையெழுத்து.

செவ்வாய்க்கிழமை நம் மனுவை ஏற்றுக்கொண்டார்கள் ஐயா, அதே வீடு! புதிய பதில் சீட்டில் அப்பா நின்றபடியே கையெழுத்துப் போட்டார். வெளியே வந்ததும் புதுக் கடிதத்தோடு லேமினேட் கடைப் பக்கம் திரும்பினார், லோகா நடுரோட்டில் "அப்பா, மோட்டர்ல ஏறுங்க!" என்று கத்தினாள். அவள் குரல் அவ்வளவு பெரிது என்று எனக்கே தெரியாது.

அப்பாவுக்கு வயதாகிவிட்டதால் வாரிசும் ஒரு படிவத்தில் கையெழுத்துப் போட வேண்டுமாம். அந்தப் பாரம் இதோடு இருக்கிறது, இந்த மாதம் இருபதாம் தேதிக்குள் நகராண்மைக் கழகத்துக்குப் போய்ச் சேராவிட்டால் மறுபடி முதலிலிருந்து. பொங்கலுக்கு வந்துவிடு, பால் புது வீட்டில்தான் பொங்கும். அம்மன் உனக்குத் துணை இருப்பாள், நல்லா இருய்யா. பாரத்தை மட்டும் பத்திரமாக எடுத்து வைக்காதே, இன்றைக்கே அனுப்பு.

உன் அம்மா
புஷ்பவள்ளி