முதுகில்லாத சீமாட்டிக்கு ஒரு பின்னல்

இன்று பழைய ஜக்கெற்றை உதறினேன். வெள்ளைத் தூள் பறந்தது. என் மனிசி மூன்று தரம் தும்மிவிட்டு, "உந்தத் துரை செத்தும் எங்கட வீட்டை ஊத்தையாக்கிறான்" என்றாள். உம்மைத்தான் சொல்கிறாள். நீர் போய் ஒரு மாரிகாலம் முடிந்தும் உம்முடைய சலவைக்கல் தூள் என் பையை விட்டுப் போகவில்லை.

செத்தவரைப் பற்றி மரியாதையாக எழுத வேண்டுமாம். உமக்கா? எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்ட எனக்கே தெரிந்தது, நீர் செதுக்கிய தேவதூதர்களுக்கெல்லாம் ஒரே மூஞ்சி என்று. இங்கிலாந்திலிருந்து வந்து, ரொறன்ரோவின் பணக்காரத் தேவாலயங்களுக்குச் செத்தவர்களைச் செதுக்கிக் கொடுத்தீர். படத்தில் கோணியிருந்த மூக்கெல்லாம் உம்முடைய உளி பட்டதும் நேராகிவிடும். ஸ்காபரோவில் ஒரு கராஜ்தான் பட்டறை. கல்லைத் தேய்த்து மினுக்குவது நான், தேத்தண்ணி ஊற்றுவதும் நான். "இங்கிலாந்துக்கு வெளியில ஒருத்தனுக்கும் தேத்தண்ணி ஊத்தத் தெரியாது" என்பீர், சிலோன் தேயிலையை உறிஞ்சிக்கொண்டு.

முழங்காலில் நிற்கிற அந்தச் சீமாட்டி சிலைதான் உம்முடைய பெரிய பெருமை. முன்பக்கம் கண்ணிமை வரைக்கும் செதுக்கியிருந்தீர். பின்பக்கம் வெறும் கல் கட்டி.

"துரை, இவவுக்கு முதுகு?"

"தேவாலயச் சிலைக்கு முதுகு கிடையாது. சுவர்தான் முதுகு. ஆர் பின்னால போய்ப் பாக்கப்போகினம்?"

"சோம்பேறி" என்றேன், தமிழில்.

"என்ன சொன்னனீ?"

"கெட்டிக்காரன் எண்டனான்."

தலையாட்டி ஏற்றுக்கொண்டீர்.

பிறகு அந்தச் சுவரை இடித்துத் தேவாலயத்தைப் பெருப்பித்தார்கள். சீமாட்டி நடு மண்டபத்துக்கு வந்தாள். பின்பக்கத்தைப் பார்த்த பாதிரியார் போன் எடுத்தார். ஈஸ்டருக்கு முதல் முடிக்காவிட்டால் சிலை நிலத்தடிப் பேஸ்மென்றுக்குப் போகும் என்றார். அப்போது உம்முடைய கை நடுங்கத் தொடங்கியிருந்தது. "நான் செய்ததில உது ஒண்டுதான் உருப்படி" என்றீர். நான் கேட்ட அளவில், நீர் சொன்ன ஒரே உண்மை அதுதான்.

உளியை நான் எடுத்தேன். நீர் கதிரையில் இருந்து ஏசினீர், ஏசிக் களைத்துக் குறட்டை விட்டீர். வெள்ளைக்காரிகளின் பின்தலையை நான் எங்கே பார்த்தேன்? எனக்குத் தெரிந்தது என் மனிசியின் முதுகு. இடுப்பு வரைக்கும் மூன்று பிரியாகப் பின்னல் போட்டுவிட்டேன்.

கண் முழித்துக் கத்தினீர். "என்ன கயிறு இது!"

"தலைமயிர், துரை."

"இங்கிலாந்துக்காரி இப்பிடிப் பின்னமாட்டாள்!"

"ஆர் பின்னால போய்ப் பாக்கப்போகினம்?"

இருமி இருமிச் சிரித்தீர். பிறகு, "நுனியில ரிபனை நான் கட்டுறன்" என்று உளியைப் பறித்தீர். ஒரு பின்னேரம் முழுக்க நடுங்கி நடுங்கிக் கொத்தினீர். ரிபன் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு நின்றது. நீர் அதைப் பார்த்தீர், என்னைப் பார்க்கவில்லை. அதுதான் உம்முடைய கடைசி வேலை.

சீமாட்டி பேஸ்மென்றுக்குப் போகவில்லை. போன ஞாயிறு போய்ப் பார்த்தேன். நீர் இமை இமையாகச் செதுக்கிய முகத்துக்கு முன்னால் ஒரு சனம் இல்லை. எல்லாரும் பின்னலைத் தடவுகிறார்கள். உமக்கு நல்லாய் வேண்டும்.

ஒரு கிழவி ரிபனைக் காட்டி, "இந்தக் கோணல் ஆரின்ர வேலை?" என்று கேட்டாள்.

"என்ர வேலை" என்றேன். "துரையின்ர கை இப்பிடிக் கோணாது."

கேட்கிற எல்லாருக்கும் அதைத்தான் சொல்கிறேன். செத்த பிறகும் உம்மை நான்தான் மினுக்க வேண்டிக் கிடக்கிறது.